எஸ். பாலசந்தர்: வீணையும் காமிராவும்

1

எஸ். பாலசந்தரைப் பற்றி இரண்டு கதைகள் வழக்கில் இருக்கின்றன. சங்கீத ரசிகர்கள் சொல்வது ஒன்று: இளமையில் சினிமாவில் அலைந்தார், பிறகு தெளிந்து வீணையிடம் வந்து சேர்ந்தார். சினிமாவை நேசிப்பவர்கள் சொல்வது மற்றொன்று: தமிழுக்கு ஒரு நல்ல டைரக்டர் கிடைத்தார், அவரை வீணை கொண்டுபோய்விட்டது. ஒருவருக்கு லாபமாகத் தெரிவது இன்னொருவருக்கு நஷ்டமாகத் தெரிகிறது என்பதைத் தவிர இவ்விரண்டுக்கும் பெரிய வித்தியாசமில்லை. இரண்டுமே ஒரு மனிதனை இரண்டாக வெட்டிவிட்டுத் தங்களுக்கு வேண்டிய பாதியை எடுத்துக்கொள்கின்றன. 2012இல் விக்ரம் சம்பத் ஆங்கிலத்தில் அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதினார். தமிழில் நாம் என்ன செய்தோம் என்று கேட்டுக்கொள்ளலாம். ராயையும் குரோசாவாவையும் பற்றி நம் பத்திரிகைகளில் பக்கம் பக்கமாக எழுதியாகிவிட்டது. நம் ஊர்க்காரர் ஒருவர் குரோசாவாவைப் பார்த்துவிட்டு வந்து என்ன செய்தார் என்பதைப் பரிசீலிக்க நமக்கு நேரமில்லை.

விவரங்கள் தெரிந்தவைதான். 1927இல் பிறந்தார். 1934இல் பிரபாத் கம்பெனி தயாரித்த 'சீதா கல்யாணம்' படத்தில் குடும்பமே நடித்தது. தகப்பனார் சுந்தரம் அய்யர் ஜனகர், அண்ணா ராஜம் ராமர், அக்கா ஜயலக்ஷ்மி சீதை. அண்ணனும் தங்கையும் ராமனும் சீதையுமாக வரலாமா என்று அந்நாளில் முணுமுணுப்பும் இருந்தது. அந்தப் படத்தில் ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவன் பாலசந்தர். ஆக, அவர் காமிராவின் முன் முதலில் செய்த காரியமே நடிப்பும் வாசிப்பும் சேர்ந்த ஒன்று. 1948இல், இருபத்தோரு வயதில், 'என் கணவர்' படத்தை இயக்கினார். அதே வருஷம் 'இது நிஜமா'வில் இரட்டை வேடம், இசையும் அவரே. 1951இல் 'கைதி'. இதற்கு நடுவில் கஞ்சிரா, தபலா, சிதார் என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் தானே பழகி, குரு என்று ஒருவர் இல்லாமலே வீணைக்கு வந்து சேர்ந்தார். 1982இல் பத்ம பூஷண். 1990 ஏப்ரல் 13 அன்று கச்சேரிக்குச் சென்ற பிலாயில் இறந்தார்.

நடிகர், இசையமைப்பாளர், டைரக்டர், வைணிகர். இந்தப் பட்டியலைச் சொல்லி 'பன்முகக் கலைஞர்' என்று முடித்துவிடுவது நம் வழக்கம். அது விமர்சனமல்ல, நினைவஞ்சலிக் கூட்டத்து மரியாதை. நான் கேட்க விரும்பும் கேள்வி வேறு. இத்தனையும் செய்யத் தெரிந்த மனிதர், தமிழ் சினிமாவில் தன் ஆகச் சிறந்த காரியத்தைச் செய்தபோது, இவற்றில் எதையெதைச் செய்யாமல் விட்டார்?

2

'அந்த நாள்' 1954 ஏப்ரல் 13 அன்று வந்தது. பாட்டு இல்லை, நடனம் இல்லை, சண்டை இல்லை. சிவாஜி கணேசன் ஆரம்பத்திலேயே சுடப்பட்டு விழுந்து சாகிறார். அதற்கு இரண்டு வருஷம் முன்புதான் 'பராசக்தி'யின் நீதிமன்றக் காட்சியில் அவர் குரலைக் கேட்டுத் தமிழ்நாடே கிறங்கியிருந்தது. இப்படிப்பட்ட நடிகரைப் பிணமாக்கிப் படத்தைத் துவக்குவதற்குத் தைரியம் மட்டும் போதாது, ஒரு எண்ணமும் வேண்டும்.

ஐயங்கார்குளத்தில் எங்கள் வீட்டுத் திண்ணையில் வைத்து இந்தப் படத்தை என் சித்தப்பாவுக்குப் போட்டுக் காட்டினேன். பையனாக இருக்கும்போது டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து உட்கார்ந்து இதைப் பார்த்தவர். "பாதி பேர் கடைசி வரைக்கும் பாட்டு வரும்னு உக்காந்திருந்தாங்கடா" என்றார். "வரலைன்னதும் ஆபரேட்டர்தான் வெட்டிட்டான்னு சண்டைக்குப் போனாங்க." எனக்கு இது வெறும் தமாஷாகப் படவில்லை. இல்லாத ஒன்றை அந்த ஜனங்கள் முழு நேரமும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார்கள். மௌனத்தை அப்படிக் கேட்கவைத்த தமிழ்ப் படம் அதற்கு முன் இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

கதை 1943 அக்டோபரில், ஜப்பானிய விமானம் சென்னையில் குண்டு போட்டதற்கு மறுநாள் நடக்கிறது. கொலையுண்டவன் ராஜன், ரேடியோ எஞ்சினீயர். மனைவி, தம்பி, தம்பி மனைவி, ஆசைநாயகி, பக்கத்து வீட்டுக்காரர் என்று ஒவ்வொருவரும் ஸி.ஐ.டி. அதிகாரி சிவானந்தத்திடம் தன் தன் கதையைச் சொல்கிறார்கள். ஒவ்வொருவரும் இன்னொருவரைச் சுட்டுகிறார்கள். ஒவ்வொரு கதையிலும் வேறொரு ராஜன் தெரிகிறான். இந்த அமைப்பு 'ராஷோமோன்' தந்தது. பாலசந்தர் அந்தப் படத்தைத் திரைப்பட விழாவில் பார்த்துவிட்டு, அதே பாணியில் ரேடியோவுக்கு ஒரு நாடகம் எழுதியதாகவும், ஆல் இந்தியா ரேடியோ அதை நிராகரித்ததாகவும், பிறகு அது ஏ.வி.எம். மெய்யப்பச் செட்டியாரிடம் போனதாகவும் சொல்கிறார்கள். திரைக்கதை ஜாவர் சீதாராமன். சிவானந்தமாக நடித்தவரும் அவரே.

இந்த வரலாற்றை யாரும் போதிய கவனத்துடன் யோசிக்கவில்லை என்று நினைக்கிறேன். படம் ஒரு ரேடியோ நாடகமாகத் தொடங்கியது. அதாவது, காதுக்காக எழுதப்பட்டது. அதன் நாயகன் ரேடியோ செய்கிறவன். ஏழைகளும் வாங்கும் விலையில் ரேடியோ செய்ய வேண்டும் என்பது அவன் கனவு. அரசாங்கம் அவனைப் பொருட்படுத்துவதில்லை. அந்தக் கசப்பில் அவன் தேசத்தின் ரகசியங்களை எதிரிக்கு விற்கிறான். தன் குரலை ஏற்றுக்கொள்ளாத நாட்டுக்கு எதிராக அவன் ஒலியையே ஆயுதமாக்குகிறான். இப்படியொரு படத்தில் கதாநாயகன் தோட்டத்தில் நின்று ஒரு டூயட் பாடியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசியுங்கள். பாட்டை நீக்கியது வித்தியாசமாகச் செய்து காட்டும் ஆசையால் நேர்ந்ததல்ல, விஷயமே அதைக் கோரியது. ஒலியைப் பற்றிய படத்தில் ஒலியை வீணாக்கக்கூடாது என்று ஒரு சங்கீதக்காரனுக்குத்தான் தோன்றும். சங்கீதம் தெரியாத டைரக்டர் பாட்டை நம்பி வாழ்வார். தெரிந்தவருக்கு அது இல்லாமலும் இருக்க முடிந்தது.

1928இல், பேசும் படம் ருஷ்யாவுக்கு வருவதற்கு முன்பே, ஐஸன்ஸ்டீன், புதோவ்கின், அலெக்ஸாண்ட்ரோவ் மூவரும் ஒரு அறிக்கை வெளியிட்டார்கள். உதடு அசைவதற்கு ஏற்ப ஒலியை ஒட்டவைப்பதோடு நின்றுவிட்டால் சினிமா படம்பிடிக்கப்பட்ட நாடகமாகிவிடும், ஒலி பிம்பத்தோடு முரண்பட்டு இயங்க வேண்டும் என்பது அதன் சாரம். பத்து வருஷம் கழித்து ஐஸன்ஸ்டீன் புரோகோஃபியெவை அழைத்து 'அலெக்ஸாண்டர் நெவ்ஸ்கி' செய்தார். அவர்கள் பயந்தது எங்கும் நடந்ததோ இல்லையோ, தமிழில் அட்சரம் பிசகாமல் நடந்தது. முப்பது நாற்பது பாட்டுகளோடு நாடகத்தைப் படம்பிடித்துக் கொண்டிருந்தோம். 'அந்த நாள்' அந்த ருஷ்ய அறிக்கைக்குத் தமிழ் கொடுத்த தாமதமான பதில். பாலசந்தர் அதைப் படித்தாரா என்பது முக்கியமல்ல. அவருக்குப் பிரச்சனை கையில் தட்டுப்பட்டது.

எங்கள் ஊரில் நடவாவிக் கிணறு இருக்கிறது. வருஷத்தில் பெரும்பாலான நாள் அது படியிறங்கிப் பார்க்கும் ஒரு கிணறு, அவ்வளவுதான். சித்ரா பௌர்ணமிக்குக் காஞ்சிபுரத்திலிருந்து வரதராஜர் வருவார் என்பதற்காகத் தண்ணீரை இறைத்துவிடுவார்கள். அப்போதுதான் உள்ளே ஒரு மண்டபம் இருப்பது தெரியும். தூண்களும் தூண்களில் சிற்பங்களும் வருஷம் முழுக்க அங்கேயேதான் இருந்திருக்கின்றன. 'அந்த நாள்' பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கிணறு ஞாபகம் வருகிறது. பாட்டை இறைத்துவிட்டால் தமிழ்ப் படத்துக்குள்ளும் ஒரு கட்டடம் இருக்க முடியும் என்று ஒரு தடவை நிரூபணமாயிற்று. பிறகு தண்ணீர் மீண்டும் ஊறிவிட்டது.

படத்தில் குறையில்லை என்று சொல்லவில்லை. 'ராஷோமோனில்' உண்மை எது என்று கடைசி வரை நிச்சயமாவதில்லை. மனிதன் தனக்கே பொய் சொல்லிக்கொள்கிறான் என்ற பயங்கரத்தில் அது நிற்கிறது. 'அந்த நாளில்' உண்மை ஒன்று உண்டு, அதைத் துப்பறியும் அதிகாரி கண்டுபிடித்தும் விடுகிறார். மனைவி உஷா தேசபக்தியும் பதிபக்தியும் மோதிக்கொள்வதைச் சொல்லி முடிக்கும்போது, அதுவரை கலங்கியிருந்த நம் மனசு சமாதானமாகிவிடுகிறது. சமாதானமாகியிருக்கக்கூடாது. குரோசாவாவிடமிருந்து உருவத்தை எடுத்துக்கொண்டவர் சந்தேகத்தை எடுத்துக்கொள்ளவில்லை. பாலசந்தருக்கு எதற்கும் ஒரு விடை உண்டு, குற்றவாளி யார் என்று சொல்லிவிட முடியும் என்ற நம்பிக்கை கடைசி வரை இருந்தது.

3

இப்போது என் கேள்விக்கு வருகிறேன். 'அந்த நாளில்' பாலசந்தர் நடிக்கவில்லை. இசைக்குப் பெயர் போட்டிருப்பது ஏ.வி.எம்.மின் சரஸ்வதி ஸ்டோர்ஸ் வாத்தியக் குழுவுக்கு. திரைக்கதை இன்னொருவருடையது. பணம் இன்னொருவருடையது. நடிகரும் இசையமைப்பாளருமான ஒருவரின் சிறந்த படம், அவர் நடிகராகவும் இசையமைப்பாளராகவும் இல்லாத படம்.

இதே 1954இல் வந்த 'பெண்' படத்தில் அவர் நடித்தார். எம்.வி. ராமன் டைரக்ஷன், வைஜயந்திமாலாவும் ஜெமினி கணேசனும் ஜோடி. அதில் பாலசந்தர் வாயசைக்கும் பாட்டைப் பாடியிருப்பவர் சந்திரபாபு. இவ்வளவு சங்கீதம் தெரிந்த ஒருவர் இன்னொருவர் குரலுக்கு வாயசைத்துக் குதிக்கிறார். ரொம்ப நன்றாகவும் செய்கிறார். நடிகராக அவரிடம் உள்ள வசீகரம் அது: தாளம் உடம்பில் இருக்கிறது, வெட்கம் இல்லை. ஆனால் அந்த நடிகருக்குள் ஒரு குணம் உண்டு. பிரேமில் யார் இருந்தாலும் பார்வையைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளும். இன்னொருவர் இயக்கும்போது அது நிறைவு. தானே இயக்கும்போது அதைக் கட்டுப்படுத்த ஆளில்லை.

1962இல் 'அவனா இவன்', 1964இல் 'பொம்மை', 1970இல் 'நடு இரவில்'. மூன்றும் சொந்தப் படங்கள். மூன்றிலும் நடிப்பு, இசை, இயக்கம் எல்லாம் அவரே. 'பொம்மை'யில் நல்ல ஒரு எண்ணம் இருக்கிறது. வெடிகுண்டு வைத்த பொம்மை ஒன்று ஊருக்குள் கை மாறிக்கொண்டே போகிறது. நமக்குத் தெரிந்தது அதை ஏந்தியிருப்பவருக்குத் தெரியாது. ஆனால் படம் அடிக்கடி நின்று தன் சாமர்த்தியத்தைத் தானே ரசிக்கிறது. பாட்டுகள் வந்துவிட்டன. நல்ல பாட்டுகள்தான், யேசுதாஸும் அதில் பாடியிருக்கிறார். பாட்டு நன்றாக இருந்தது என்பதுதான் துக்கம். பத்து வருஷம் முன் பாட்டே வேண்டாமென்றவர், தானே இசையமைப்பாளர் ஆனதும் அந்த இசையமைப்பாளரிடம் வேண்டாமென்று சொல்ல முடியவில்லை. 'நடு இரவில்' அகாதா கிறிஸ்டியின் கதையமைப்பைக் கொண்டது. ஒவ்வொருவராகச் சாகிறார்கள். முகங்களும் நிழல்களும் நன்றாக இருக்கின்றன. ஆனால் யார் அடுத்து என்ற ஒரே கேள்வியைத் தாண்டி நமக்கு எதுவும் மிஞ்சுவதில்லை. அதன் பிறகு அவர் சினிமாவை விட்டார்.

சாப்ளின் 'ஸிட்டி லைட்ஸ்' தொட்டுத் தானே இசையமைத்தார். ராய் 'தீன் கன்யா'விலிருந்து தானே இசையமைத்தார். ஒருவனே எல்லாம் செய்வது தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் ராய் அதற்கு முன் ரவிசங்கரோடும் விலாயத் கானோடும் முட்டி மோதிப் படம் செய்தவர். இசை எங்கே நிற்க வேண்டும் என்பதை அந்த மோதலில் கற்றவர். பாலசந்தருக்கு மெய்யப்பச் செட்டியாரும் ஜாவரும் அப்படி வாய்த்தது ஒரே ஒரு படத்துக்கு. எதிர்க்க ஒருவர் இருந்த இடத்தில் அவர் கலைஞர். இல்லாத இடத்தில் வித்தைக்காரர்.

'பொம்மை'யின் கடைசியில் ஒரு காரியம் செய்தார். அதை மட்டும் தனியாகச் சொல்ல வேண்டும். படம் முடிந்ததும் நடிகர்களை மட்டுமல்ல, காமிராவுக்குப் பின்னால் வேலை செய்தவர்களையும் திரைக்கு அழைத்துவந்து முகத்தோடு அறிமுகப்படுத்தினார். எல்லாவற்றையும் தானே செய்ய ஆசைப்பட்ட மனிதர், இதை நான் தனியாகச் செய்யவில்லை என்று ஒப்புக்கொண்ட இடம் அது. என்னை இளக்கிவிடும் காட்சி.

4

வீணைக்கு ஏன் போனார்? சினிமா அவரைக் கைவிட்டதால் என்பது பாதி உண்மை. மீதியை வீணையில் பார்க்க வேண்டும்.

மெட்டு என்ற வார்த்தையை எடுத்துக்கொள்ளுங்கள். சினிமாக்காரனுக்கு அது பாட்டின் ட்யூன். வீணைக்காரனுக்கு அது தண்டியில் மெழுகின் மேல் பதித்த உலோகத் துண்டு, இருபத்து நான்கு உண்டு. தந்தியை மெட்டின் மேல் வைத்து அழுத்தினால் ஒரு ஸ்வரம். அதே மெட்டில் பக்கவாட்டில் இழுத்தால் அடுத்த ஸ்வரம். பாலசந்தர் இந்த இழுப்பை எங்கு கொண்டுபோனார் என்பது கேட்டவர்களுக்குத் தெரியும். ஒரே மெட்டில், ஒரே மீட்டில், ஸ்வரம் ஸ்வரமாக ஏறிக்கொண்டே போவார். மற்ற வைணிகர்கள் விரலை நகர்த்தும் இடத்தில் அவர் தந்தியை நகர்த்தினார். தந்தி அறுந்துவிடும் என்று நாம் பயப்படும் எல்லை வரை அது போகும். மீட்டிய ஒலி தேய்ந்துகொண்டே இருக்கும், அது அணைவதற்குள் சொல்ல வேண்டியதைச் சொல்லியாக வேண்டும். அணைந்த பிறகு அந்த இடைவெளியையும் வாசிப்பில் சேர்க்க வேண்டும்.

'அந்த நாளில்' மௌனத்தை வைத்துக் கட்டியவரின் கை இதில் தெரிகிறது. சினிமாவில் அவர் இழந்த எதிர்ப்பை வீணையில் திரும்பப் பெற்றார் என்பது என் துணிபு. தந்தி அவர் பேச்சைக் கேட்காது. எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும் ஸ்வரம் சேரவில்லையென்றால் சேரவில்லைதான். சொந்தக் கம்பெனியில் அவர் முகத்துக்கு நேரே இப்படிச் சொல்லக்கூடியவர் யாருமில்லை.

இதனால் அவர் சாந்தமாகிவிட்டார் என்று நினைக்க வேண்டாம். எழுபத்திரண்டு மேளகர்த்தா ராகங்களையும் வாசித்துப் பதிவு செய்தே தீர வேண்டும் என்ற வைராக்கியம், எதையும் மிச்சம் வைக்க மனசில்லாத அதே பழைய பாலசந்தருடையது. எண்பதுகளில் ஸ்வாதித் திருநாள் என்ற வாக்கேயக்காரரே கட்டுக்கதை என்று கிளம்பினார். கட்டுரைகள், கடிதங்கள், ஆதாரங்கள் என்று வருஷக்கணக்காகப் போராடினார். சங்கீத உலகம் அதிர்ந்தது, செம்மங்குடி உட்படப் பெரியவர்கள் பலர் எதிர்த்தரப்பில் நின்றார்கள். அந்த வழக்கில் யார் பக்கம் நியாயம் என்பதற்கு நான் போகவில்லை. ஆனால் அந்தக் குரல் எனக்குப் பரிச்சயமானது. யார் செய்தது, யார் பெயரில் நடமாடுகிறது, சாட்சி எங்கே, ஆதாரம் எங்கே என்று கேட்கிறவர் ஸி.ஐ.டி. சிவானந்தம். பாலசந்தர் இரண்டு வாழ்க்கை வாழவில்லை. ஒரே விசாரணையை இரண்டு இடங்களில் நடத்தினார்.

5

அவர் விட்டுப்போன இடத்திலிருந்து யாரும் உடனே எடுத்துக்கொள்ளவில்லை. 1965இல் ஜெயகாந்தன் 'உன்னைப்போல் ஒருவன்' செய்தார், அதற்கு இசையமைத்தவரும் ஒரு வைணிகர், சிட்டிபாபு. 1988இல் பாலு மகேந்திராவின் 'வீடு' பாட்டில்லாமல் வந்தது, இளையராஜாவின் ஒரு இசைத்தொகுப்பைப் பின்னணிக்கு வைத்துக்கொண்டு. அங்கங்கே சில முயற்சிகள். தொடர்ச்சி இல்லை. ஒவ்வொருவரும் புதிதாகக் கிணறு வெட்ட வேண்டியிருந்தது.

இதைப் பாலசந்தரின் தனிப்பட்ட விதியாக மட்டும் என்னால் பார்க்க முடியவில்லை. நான் வங்கியில் குமாஸ்தா. அங்கே ஒரு விதி உண்டு. ஒருவர் போட்ட வவுச்சரை இன்னொருவர் சரிபார்த்துக் கையெழுத்திட்டால்தான் அது கணக்கில் ஏறும். மானேஜரே எழுதினாலும் இரண்டாவது கையெழுத்து வேண்டும். சேர்ந்த புதிதில் எனக்கு இது அவமானமாக இருந்தது, என்னை நம்பவில்லையே என்று. பிறகு ஒருநாள் நான் போட்ட தொகையில் ஒரு சைபர் கூடியிருப்பதைப் பக்கத்து ஸீட்டுக்காரர் ஒன்றும் பேசாமல் பென்ஸிலால் வட்டமிட்டுத் திருப்பித் தந்தார். அன்றிலிருந்து அந்த இரண்டாவது கையெழுத்தின் மேல் எனக்கு மரியாதை.

நாம் எப்படி நடத்துகிறோம் இந்தப் பத்திரிகைகளை? நாமே எழுதுகிறோம், நாமே புரூப் பார்க்கிறோம், நாமே காசு போட்டு அச்சடிக்கிறோம், நாமே விலாசம் எழுதி ஸ்டாம்பு ஒட்டுகிறோம். படிக்கிறவர்களும் நாமேதான். நம் கவிதையைத் திருப்பித் தருகிற ஆள் யார்? வெளி உலகம் நம்மைச் சட்டை செய்யவில்லை என்ற கசப்பு நமக்கு நிறைய இருக்கிறது, ரேடியோ எஞ்சினீயர் ராஜனுக்கு இருந்ததுபோல. அந்தக் கசப்பிலேயே நமக்குள் ஒருவரையொருவர் எதிர்க்காமல் தட்டிக்கொடுத்துக்கொள்கிறோம். அல்லது ஒரேயடியாகத் திட்டிப் பிரிந்து இன்னொரு பத்திரிகை துவக்குகிறோம். இரண்டுமே இரண்டாவது கையெழுத்தாகாது.

பாலசந்தருக்கு ஒரு ஜாவர் இன்னும் மூன்று படங்களுக்குக் கூட இருந்திருந்தால் தமிழ் சினிமா என்னவாகியிருக்கும் என்று ஆருடம் சொல்ல நான் தயாரில்லை. ஆனால் அவருடைய பிற்காலப் படங்களைக் குறை சொல்லிவிட்டு நான் மட்டும் நல்லபடியாக வீட்டுக்குப் போய்விட முடியாது என்று தெரிகிறது. இந்தக் கட்டுரையைப் படித்து, எங்கே இசை அதிகமாகிவிட்டது என்று வட்டமிட்டு அனுப்பினால் போதும்.